பதினேழு குழிகள்

"தட்டுல தண்ணி குறையவே மாட்டேங்குது" என்று அக்கா என்னிடம் சொன்னபோது, அவர் கணவர் இறந்து எட்டு மாதம் ஆகியிருந்தது. நல்ல கோடை. கடையின் மின்விசிறி அனலைத்தான் சுற்றிச் சுற்றி அனுப்பிக்கொண்டிருந்தது.

"எந்தத் தட்டு?"

"செடித் தட்டு. ரெண்டு நாளைக்கு ஒரு தடவை ஊத்துவேன். இப்ப ஊத்தலாம்னு போனா நெறஞ்சிருக்கு."

"நீங்களே ஊத்திட்டு மறந்திருப்பீங்க."

"அப்படித்தான் இருக்கும். வீட்ல வேற யாரு இருக்கா?"

பதில் ஏதும் வந்துவிடுமோ என்று பயந்து கேட்கிற மாதிரி இருந்தது அது.

எங்களுடையது மூக்குக்கண்ணாடிக் கடை. நான் முன்னறையில் கண் பார்க்கிறவன். அக்கா பின்னறையில் லென்ஸின் ஓரங்களைத் தேய்த்து ஃபிரேமில் பொருத்துகிறவர். இருபத்திரண்டு வருடம் ஒரே சுவருக்கு இந்தப் பக்கம் நான், அந்தப் பக்கம் அவர். கடுகை விடச் சின்ன திருகாணி கீழே விழுந்தாலும், குனியாமலே அது எங்கே கிடக்கிறது என்று சொல்லிவிடுவார். கடையில் அவருக்குப் பெயர் பூச்சியக்கா. ஜன்னலோரம் செத்துக்கிடக்கும் ஈக்களை இடுக்கியால் எடுத்து ஒரு பழைய லென்ஸ் உறையில் போட்டு வீட்டுக்குக் கொண்டுபோவார். "அக்கா வீட்ல இன்னிக்கு விருந்து" என்று நாங்கள் கேலி செய்வோம். அவரும் சேர்ந்து சிரிப்பார்.

அவர் வீட்டுப் பின்னறை ஜன்னலில் பூச்சி தின்னும் செடிகள் இருந்தன. இலை முழுக்க ஒட்டும் துளிகளோடு நிற்கும் அழுகண்ணிகள். மூடி வைத்த சிறு குடுவை போல இலை தொங்கும் கெண்டிச் செடிகள் நாலைந்து. எனக்கு அவற்றைப் பார்த்தாலே உடம்பு கூசும். ஒருமுறை சொன்னேன். அக்காவுக்குக் கோபம் வந்துவிட்டது.

"அதுக்கு வெறி ஒண்ணும் கெடையாது தம்பி. அது மொளைக்கிற மண்ணுல சத்தே இல்ல. வேரால கெடைக்காதத இலையால தேடிக்குது. அவ்வளவுதான்."

கணவர் லிஃப்ட் மெக்கானிக். ஊரில் பாதிக் கட்டடங்களின் லிஃப்டுகள் அவர் கையில்தான். பேச்சு குறைவு. மனைவியின் செடிகளைத் தொடக்கூட மாட்டார். "வெரலக் கடிச்சு வெச்சுதுன்னா நாளைக்கு லிஃப்ட யாரு பாக்கறது?" என்பார். குழந்தை இல்லை. ஞாயிற்றுக்கிழமைகளில் அக்கா மட்டும் நீர்த்தேக்கத்துக்கு அப்பாலுள்ள காட்டுக்குப் போவார். ஒரு பை, ஒரு பூதக்கண்ணாடி, மதியத்துக்கு ரொட்டி.

அந்தக் காட்டின் வடக்குச் சரிவில்தான் முப்பத்தாறாவது வயதில் அந்தப் பூவைப் பார்த்தார். ஆர்க்கிட் வகையில் ஒன்று. கட்டைவிரல் அளவில் மஞ்சள் பை. பக்கத்துக்கு ஒன்றாக, முறுக்கிவிட்ட நாடா போலப் பழுப்பு இதழ். பார்க்கக் குழந்தையின் செருப்பு மாதிரி இருக்கும். பதினேழு செடிகள். அன்று முழுக்க மண்டியிட்டு உட்கார்ந்து பார்த்திருக்கிறார். ஒரு தேனீ பைக்குள் இறங்கியது. வந்த வாசல் வழியாக ஏற முடியவில்லை, வழுக்கிவிட்டது. செத்தது என்று நினைத்தாராம். ஆனால் பையின் பின்சுவரில் வெளிச்சம் புகும் மெல்லிய இடம் இருந்தது. அந்த வெளிச்சத்தைப் பிடித்துக்கொண்டு ஏறி, ஒரு சின்ன இடுக்கு வழியாக முதுகில் மகரந்தத்தோடு வெளியே வந்து பறந்துவிட்டது.

"என் செடிங்க புடிச்சா விடாது. இது புடிச்சு, வேலைய முடிச்சிட்டு விட்டுருது" என்று மறுநாள் சொன்னபோது அக்கா முகத்தில் அப்படி ஒரு சந்தோஷம். இடம் எது என்று மட்டும் எனக்குச் சொல்லவில்லை. கணவரை ஒருமுறை கூட்டிக்கொண்டு போய்க் காட்டினார். அந்தப் பகுதியின் வனக்காவலருக்குத் தெரியும். அவர் ரோந்து வரும்போது அக்கா தரையில் குப்புறப் படுத்திருப்பதைப் பார்த்துப் பயந்துபோய் ஓடி வந்தவர். ஆக மூன்றே பேர்.

இரண்டு வருடம் கழித்து, இளவேனில் தொடக்கத்தில் போனபோது அங்கே பதினேழு குழிகள் இருந்தன. தட்டையான கருவியால் சதுரமாக வெட்டி எடுத்த குழிகள்.

அன்று மாலை முழங்காலெல்லாம் மண்ணோடு வீட்டுக்கு வந்து கணவர் முன்னால் உட்கார்ந்து அழுதார். "இதச் செஞ்சவன் கை வெளங்காமப் போகணும்" என்றார். அப்படிப்பட்ட வார்த்தை அவர் வாயிலிருந்து அதற்கு முன் வந்ததில்லை. கணவர் எழுந்து போய்த் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தார்.

அப்புறம் யார் என்ற கேள்வி. தானில்லை, கணவரில்லை. மிச்சம் ஒரே ஆள். அக்கா வன அலுவலகத்துக்கு ஒரு கடிதம் எழுதினார். நானும் படித்தேன், அதில் பொய் எதுவும் இல்லை. மூன்று பேருக்குத்தான் தெரியும் என்று எழுதி, மூன்றாமவரின் பெயரோடு முடித்திருந்தார். தபாலில் போடச் சொல்லிக் கணவரிடம் கொடுத்தார். இரண்டு நாள் கழித்து "போட்டாச்சா?" என்று கேட்டார். "போட்டாச்சு" என்றார் அவர்.

வனக்காவலரை எங்கோ ஒரு சோதனைச் சாவடிக்கு மாற்றினார்கள். கொஞ்ச நாளில் வேலையை விட்டுவிட்டார் என்று கேள்விப்பட்டோம். அக்காவுக்கு அதில் ஒரு நிம்மதி இருந்தது. ஆனால் குழிகள் விடவில்லை. கனவில் வரும் என்பார். சில நாள் லென்ஸ் தேய்க்கும்போது கை நின்றுவிடும். எட்டிப் பார்த்தால் மேசையை வெறித்துக்கொண்டிருப்பார்.

மூன்று வருடத்துக்குப் பிறகு கணவருக்குப் பக்கவாதம் வந்தது. கால் தப்பியது; வலது கை போனது. மருத்துவமனைக் கட்டிலில் படுத்துக்கொண்டு அந்தக் கையைப் பார்த்து, "எனக்கு வர வேண்டியதுதான்" என்றார். சிகரெட்டைச் சொல்கிறார் என்று அக்கா நினைத்துக்கொண்டார். வேலையை விட்ட பிறகும் மாதத்தில் இரண்டு நாள், "பழைய ஆளுங்களப் பாத்துட்டு வரேன்" என்று கிளம்பிவிடுவார். அப்படி ஐந்து வருடம் இருந்து, ஒரு காலையில் தூக்கத்திலேயே போய்விட்டார்.

தட்டில் தண்ணீர் குறையவில்லை என்று அக்கா சொன்ன அதே மாதத்தில், ஒரு பத்து மாடிக் கட்டடத்தின் மேற்பார்வையாளர் கடைக்கு ஃபோன் செய்தார். பழைய லிஃப்டைக் கழற்றிப் புதிது போடுகிறார்கள். மேலே மோட்டார் அறையைக் காலி செய்ய வேண்டும். "சார் வெச்ச சாமான் கொஞ்சம் இருக்கும்மா. வந்து எடுத்துக்கறீங்களா?" தனியாகப் போக அக்காவுக்கு மனமில்லை. நானும் போனேன்.

பத்தாவது மாடி வரை லிஃப்ட். அதற்கு மேல் செங்குத்தான இரும்பு ஏணி. ஒரு கையை வைத்துக்கொண்டு அந்த மனிதர் எப்படி ஏறினார் என்று எனக்கு இன்றும் புரியவில்லை. உள்ளே கிரீஸ் நாற்றம், கம்பிவடம் சுற்றிய பெரிய சக்கரம், கூரையில் ஒரு கண்ணாடிச் சதுரம். அதன் வழியாக இறங்கிய வெயிலில், சுவரோரம், வரிசையாகத் தொட்டிகள். ஒவ்வொன்றின் கீழும் ஒரு தட்டு. எதிலும் செடி இல்லை. மண் மட்டும்.

அக்கா எண்ணவில்லை. நான் எண்ணினேன்.

"மொதல்ல ரெண்டு மூணு நாளைக்கு ஒரு தடவ வருவாரு" என்றார் மேற்பார்வையாளர். "கை போன அப்புறமும் விடல. ஒண்ணுமில்லாத தொட்டிக்கு எதுக்கு சார் தண்ணின்னு கேட்டேன். மண்ணுக்குள்ள உயிரு இருக்கலாம், வருஷக்கணக்கா உள்ளயே இருக்குமாம், என் பொண்டாட்டி சொல்லுவான்னாரு."

ஜன்னல் திட்டில் ஒரு நோட்டு இருந்தது. லிஃப்ட் பராமரிப்புக்கு வைக்கும் நோட்டு: தேதி, பழுது, எடுத்த நடவடிக்கை என்று மூன்று கட்டம். செடிகளுக்கும் அவர் அதையே போட்டிருந்தார். முதல் வரி அக்காவின் பிறந்தநாளுக்கு ஒரு மாதம் முந்தைய தேதி. 'பதினேழும் வந்து சேர்ந்தன. பழுது இல்லை.' நாலாவது நாள்: 'இரண்டு வாட்டம். அவளைக் கேட்டேன். தட்டில் தண்ணீர் நிற்க வேண்டும் என்றாள். வைத்தேன்.' ஏழாவது நாள்: 'இலை நுனி கறுப்பு. கேட்டேன். வெயில் நன்றாகப் பட வேண்டும் என்றாள். கண்ணாடிக்குக் கீழே மாற்றினேன்.' பதினோராம் நாள்: 'ஐந்து போய்விட்டன. தண்ணீர் கூட்டினேன்.'

அக்கா அங்கேயே தரையில் உட்கார்ந்துவிட்டார். அந்த நாட்களில் சாப்பிடும்போது கணவர் கேட்டதெல்லாம் அப்போதுதான் நினைவுக்கு வந்தது. செடிகளைப் பற்றி ஒரு நாளும் வாய் திறக்காத மனிதர் திடீரென்று ஒவ்வொன்றாகக் கேட்டாராம். இவருக்குச் சந்தோஷம். ஜன்னலில் இருக்கும் அழுகண்ணிகளைத்தான் கேட்கிறார் என்று நினைத்துப் பொறுமையாக விளக்கியிருக்கிறார். தண்ணீர் தேங்க வேண்டும், வெயில் வேண்டும். அழுகண்ணிக்கு அது சரி. நிழலில் வாழும் காட்டுப் பூவுக்கு அது விஷம்; வேர் அழுகிவிடும்.

"எந்தச் செடிக்குன்னு ஒரு வார்த்த நான் கேக்கலையே" என்றார். அதையே ஏழெட்டுத் தடவை சொன்னார்.

நோட்டில் இன்னும் ஒரு பக்கம் இருந்தது. குழிகளைப் பார்த்துவிட்டு அக்கா அழுத நாள்: 'சொல்ல வாயெடுத்தேன். முடியவில்லை.' அதற்கு ஒன்பது நாள் கழித்து ஒரு தேதி. பழுதுக் கட்டம் காலி. நடவடிக்கைக் கட்டத்தில், 'கடிதத்தைத் தபாலில் போட்டேன்.'

செடிகளைத் தோண்டியதை அக்கா ஒரே வாரத்தில் மன்னித்துவிட்டார் என்றுதான் நினைக்கிறேன். "என் பொறந்தநாளுக்காகத்தானே செஞ்சாரு" என்று அவரே சொன்னார். தபாலில் போட்டதைத்தான் தாங்க முடியவில்லை. "கிழிச்சுப் போட்டிருக்கலாம். தொலைஞ்சு போச்சுன்னு சொல்லியிருக்கலாம். ரெண்டு நாள் சட்டப்பையில வெச்சுக்கிட்டுச் சுத்திட்டு, போட்டிருக்காரு."

தட்டுத் தண்ணீர் என்ன ஆயிற்று என்று ஒரு நாள் கேட்டேன். "நெறஞ்சுதான் இருக்கு. ஊத்தறத விட்டு அஞ்சு வாரம் ஆச்சு" என்றார். செடிகள் இருக்கும் அந்தப் பின்னறைக்குப் போவதையே அவர் குறைத்துக்கொண்டார். போகும்போது கதவைத் தட்டிவிட்டுத்தான் உள்ளே போகிறாராம், சொந்த வீட்டில்.

வனக்காவலர் இருக்கும் இடத்தைக் கண்டுபிடிக்க ஒரு மாதம் ஆனது. பேருந்தில் நாலு மணி நேரம். ஒரு மரக்கிடங்கில், வந்திறங்கும் கட்டைகளை அளந்து சுண்ணாம்புக் கட்டியால் எண் போடும் வேலை. தலை நரைத்திருந்தது. அக்காவைப் பார்த்ததும் அடையாளம் தெரிந்துவிட்டது. அளவு நாடாவைச் சுருட்டவில்லை.

"அந்த லெட்டர எழுதினது நான்தான்" என்றார் அக்கா.

"தெரியும்."

"நீங்க எடுக்கல. என் வீட்டுக்காரர்தான் எடுத்தாரு. எனக்கு இப்பத்தான் தெரிஞ்சுது."

அவர் ஒரு கட்டைக்கு எண் போட்டார். அடுத்த கட்டைக்கும் போட்டார்.

"இருக்காரா அவரு?"

"இல்ல. போன வருஷம் தவறிட்டாரு."

"அப்ப நான் யாரத் திட்டறது?"

"என்னத் திட்டுங்க."

"உங்களத் திட்டித் திட்டி எனக்கு அலுத்துப்போச்சும்மா. ஒம்பது வருஷமாத் திட்டறேன்." குரலை உயர்த்தவில்லை. "எங்கம்மா படுத்த படுக்கையா இருந்தப்பக்கூட கேட்டாங்க. நெசமா நீ எடுக்கலையாடா, எங்கிட்டயாவது சொல்லுன்னாங்க. அப்படியே போயிட்டாங்க."

பின்னால் லாரி ஒன்று வந்து நின்றது. அவர் அதைப் பார்த்து நடந்தார். பாதியில் திரும்பி, "ஒண்ணாவது பொழச்சுதா?" என்று கேட்டார்.

"இல்லங்க."

"ச்சே" என்றார். அந்த ஒரு வார்த்தையில்தான் அவர் முகம் மாறியது. "போங்க. பஸ் போயிடும்."

திரும்பி வந்ததும் அக்கா வன அலுவலகத்துக்கு இரண்டாவது கடிதம் எழுதினார். நோட்டின் நகலையும் வைத்து, இந்த முறை தானே போய்க் கொடுத்தார். அங்கிருந்தவர்களுக்குப் பழைய கோப்பைத் தேடி எடுக்கவே இரண்டு மாதம். கடைசியில் ஒரு கடிதம் வந்தது. குற்றச்சாட்டு தவறு என்று பதிவு செய்யப்பட்டதாம். வனக்காவலருக்கும் நகல் போயிருக்கிறதாம். அவரிடமிருந்து எதுவும் வரவில்லை. வரும் என்று அக்கா எதிர்பார்த்ததாகவும் தெரியவில்லை.

போன இளவேனிலில் ஒரு ஞாயிற்றுக்கிழமை, "வரியா?" என்று என்னைக் கேட்டார். அந்தச் சரிவுக்கு முதன்முறையாகப் போனேன். அங்கே எனக்கு ஒன்றும் தெரியவில்லை. சருகு மூடி, மண் தூர்ந்து, தரை தரையாகத்தான் இருந்தது. அக்கா முன்னால் நடந்தார். நேராக நடக்கவில்லை. இங்கே ஒதுங்கி, அங்கே வளைந்து, காலைப் பார்த்துப் பார்த்து வைத்தார். நான் அவர் அடிச்சுவட்டிலேயே நடந்தேன். ஓரிடத்தில் நின்று, என்னிடம் இல்லாமல், கணவரிடம் பேசுகிற சாதாரணக் குரலில், "ஒரு வார்த்த கேட்டிருந்தா சொல்லியிருக்க மாட்டனா?" என்றார். கொஞ்ச நேரம் காத்திருந்தார். காற்றுகூட இல்லை.

பிறகு ஒரு மரத்தடியில் உட்கார்ந்து ரொட்டியைப் பிரித்தோம். அவர் பாதிதான் சாப்பிட்டார். நாலு மணிப் பேருந்தைப் பிடித்து வீடு திரும்பினோம். மறுநாள் காலை நான் கடை திறக்கும்போது அவர் வாசலில் நின்றுகொண்டிருந்தார். பள்ளி ஆசிரியை ஒருவர் வளைந்துபோன ஃபிரேமைக் கொண்டுவந்தார். அக்கா அதைச் சூடுகாட்டி நிமிர்த்தி, அவர் மூக்கில் வைத்துப் பார்த்து, இடது காதுப் பக்கம் இன்னும் கொஞ்சம் இறக்கிக் கொடுத்தார்.