காலம் கடந்து வந்த பழனியம்மா

எலுமிச்சம்பழத்தை நகத்தால் கீறினால் ஒரு வாசனை வருமே... எனக்கு அது சேலம் கோர்ட்டு வாசனை.

ஏற்காட்டிலிருந்து காலை பஸ்ஸில் மலை இறங்கும்போது, கொண்டை ஊசி வளைவெல்லாம் முடியும்வரை பழனியம்மாக்கா எலுமிச்சம்பழத்தை மூக்கிலேயே வைத்திருப்பார். எனக்கும் ஒன்று கொடுப்பார். நான் அப்போது ஒரு சீனியர் வக்கீலிடம் சேர்ந்த புதிது. கறுப்புக் கோட்டு போட்ட பந்தாவே தனி. ஏற்காடு ஒண்டிக்கடை ஸ்டாப்பில் பஸ் ஏறும்போது யாராவது பார்க்கிறார்களா என்று ஒரு கண் வைத்துக்கொள்வேன்.

அக்கா எங்கள் கட்சிக்காரர், ஊர் மாரமங்கலம். சொந்தச் சித்தப்பாவின் காப்பித் தோட்டத்தில் ஒரு துண்டை வாங்க அக்ரிமெண்ட் போட்டு, விலையையும் முழுசாகக் கொடுத்துவிட்டார். கிரயப் பத்திரம்தான் பாக்கி. சித்தப்பா இன்று, நாளை என்று இழுத்துக்கொண்டே இருந்தார். பத்திரம் எழுதித் தரச் சொல்லி எங்கள் கேஸ்.

அக்காவுக்கு வேறு நிலம் கிடையாது. வீட்டுக்காரர் எஸ்டேட்டில் மிளகு பறிக்கும்போது மரத்திலிருந்து விழுந்து இடுப்பு போனவர். அந்தத் துண்டை நம்பித்தான் குடும்பமே இருந்தது.

எதிர்த்தரப்பு தங்கள் பதிலில் 'காலம் கடந்த வழக்கு' என்று ஒரு வரி போட்டிருந்தார்கள். எல்லாரும் போடுவதுதானே, இலையில் ஊறுகாய் மாதிரி! எழுதித் தர முடியாது என்று எதிராளி மறுத்தது தெரிந்ததிலிருந்து மூன்று வருஷத்துக்குள் கேஸ் போட வேண்டும் என்பது சட்டம். எங்கள் வக்கீல் நோட்டீஸுக்கு அனுப்பிய பதிலில்தான் சித்தப்பா முதன்முதலாக மறுத்தார் என்பது சீனியரின் கணக்கு. அது சாட்சியில்தான் தெரிய வேண்டும் என்று ஜட்ஜும் அந்த ஆட்சேபணையை விசாரணைக்கு விட்டுவைத்திருந்தார்.

அக்கா கூண்டில் ஏறினார். எதிர்த்தரப்பு வக்கீல், போகிற போக்கில் கேட்பதுபோல, எழுதித் தர மாட்டேன் என்று சித்தப்பா முதலில் எப்போது சொன்னார் என்று கேட்டார்.

"அதுங்களா... என்ற பெரியவ பொறந்தப்பவே சொல்லிட்டாருங்க. அவ இப்ப அஞ்சாவது படிக்கறா."

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. சீனியரைப் பார்த்தேன். அவர் முகம் பேயறைந்த மாதிரி இருந்தது. ஜட்ஜே நிமிர்ந்து, இத்தனை வருஷம் ஏம்மா வரவில்லை என்று கேட்டார்.

"சேர்வராயன் சாமிகிட்ட காசு முடிஞ்சு வெச்சிருந்தனுங்க. அது தீர்ப்புச் சொல்றதுக்கு முந்தி இங்க வந்தா, சாமிய நம்பலைன்னு ஆயிருமுங்களே."

எங்கள் பக்கம் அப்படிச் செய்கிற குடும்பங்கள் உண்டு. பங்காளிக்குள் சண்டை என்றால் முதலில் மஞ்சள் துணியில் காசு முடிந்து கோயிலில் வைப்பார்கள். எதிராளி மனசு மாறுகிறதா என்று திருவிழாவுக்குத் திருவிழா பார்ப்பார்கள். மலையிலேயே பிறந்த எனக்கு இது நன்றாகவே தெரியும். அந்தக் காத்திருப்பில் ஒரு கேஸே செத்துப்போகும் என்பது அன்றைக்குத்தான் உறைத்தது.

தள்ளுபடி. கோர்ட்டு வராந்தாவில் நான்தான் அக்காவிடம் சொன்னேன்.

"நாஞ் சொன்னது பொய்யின்னு எழுதியிருக்குதா கண்ணு?"

இல்லைக்கா, பணம் கொடுத்தது உண்மை, சித்தப்பா எழுதித் தராததும் உண்மை என்றுதான் தீர்ப்பிலேயே இருக்கிறது, காலம்தான் தாண்டிவிட்டது என்றேன்.

"அத்தனையும் நெசம்னா, அப்பறம் எப்படி கண்ணு தோட்டம் அவருக்கு?"

பரீட்சையில் காலவரையறைச் சட்டத்தைப் பக்கம் பக்கமாக எழுதியவள் நான். கையிலிருந்த கேஸ் கட்டைப் பிரித்து, மறுபடி கட்டினேன். திரும்பும் பஸ்ஸில் அக்கா எலுமிச்சம்பழத்தைக் கையில் பிடித்திருந்தார், ஒரு வளைவில்கூட முகர்ந்து பார்க்கவில்லை. பாவமாக இருந்தது... கோபமாகவும் இருந்தது.

இப்போது எனக்கென்று தனி ஆபீஸ். ஃபைலிங் எல்லாம் ஆன்லைன். பிரதிவாதி தரப்பில் ஆஜரானால் காலாவதி ஆட்சேபணையை நானே முதலில் போடுகிறேன், தொழில் அப்படி. கட்சிக்காரர் வந்து உட்கார்ந்தால், காபி சொல்வதற்கு முன்னாலேயே "முடியாதுன்னு முதல்ல எப்பச் சொன்னாரு?" என்றுதான் கேட்கிறேன்.

போன மாதம் ஒண்டிக்கடையில் அக்காவைப் பார்த்தேன். பெரியவள் காலேஜ் போகிறாளாம். அக்கா கூலிக்குக் காப்பிப்பழம் பறிக்கப் போகிறாராம்... அதே துண்டுக்கு! கோயிலில் வைத்த காசு முடிச்சை அவிழ்த்தாயிற்றா என்று மெல்லக் கேட்டேன்.

"அதை எதுக்கு கண்ணு அவுக்கோணும்? கோர்ட்டுலதான நேரம் முடிஞ்சுபோச்சு."