பீஸ் போகவில்லை

"பல்பு போனதுக்கா இத்தினி கூப்பாடு? வூடு இடிஞ்சாப்புல" என்று முனகிக்கொண்டே ஸ்டூல் மேல் நின்று புது பல்பை மாட்டுகிறார் இன்னாசிராஜ். நெய்வேலிக் குடியிருப்பில் எலெக்ட்ரீஷியன். எந்தக் குவார்ட்டர்ஸில் விளக்கு அணைந்தாலும் அவருக்குத்தான் ஆள் போகும். வந்து எரியவிடுவார், எரியவிடச் சொன்னதற்காகக் கோபித்துக்கொண்டும் போவார்.

ஷிப்ட் முடிந்தால் படம் எடுக்கிறார். எட்டு மில்லிமீட்டர் கேமரா, பழைய டேப் ரெக்கார்டர். பாட்டு, சண்டை, நடிகர் எதுவும் கிடையாது. முதல் படத்தின் நாயகன் ஒரு வெள்ளை வேட்டி. காலையில் கொடியில் ஏறியது சாயங்காலத்துக்குள் புகைபோக்கிச் சாம்பல் படிந்து நிறம் மாறுவதுதான் கதை. பார்த்துவிட்டு மனைவி மேரிசெல்வி கேட்டாள்: "தோய்ச்சவ பேர எங்கனா போட்டீங்களா?"

இரண்டாவது படம் இருட்டு. பக்கத்து வடக்குத்து கிராமத்தில் அக்கா சகாயம்மாள் குடியிருக்கும் தெருவுக்கு இன்னும் மின்கம்பம் வரவில்லை. ஆனால் அவள் வாசலில் நின்றால் அனல்மின் நிலையப் புகைபோக்கியின் சிவப்பு விளக்கு தெரியும். படம் அந்தச் சிவப்புப் புள்ளியில் தொடங்கி, வீட்டுக்குள் திரும்புகிறது. பிறகு திரையில் ஒன்றுமே இல்லை. டேப்பில் மட்டும் அக்கா தீப்பெட்டி தேடுகிறாள்: "இங்கதான வெச்சேன், எந்த சனியன் எடுத்துச்சு?" கடைசியில் குச்சி உரசும் சத்தம், ஒரு சுடர், அவள் முகம். அவ்வளவுதான்.

பிலிம் ரோலைக் கழுவிய பம்பாய் லேப்காரர்கள், முக்கால்வாசி கறுப்பாக இருந்ததைப் பார்த்துச் சரக்கு பழுது என்று மன்னிப்புக் கேட்டுப் புது ரோல் ஒன்றை இலவசமாக அனுப்பிவைத்தார்கள். அந்த அவமானத்தை அவர் இன்னும் பிரிக்கவில்லை. பீரோ மேல் கிடக்கிறது.

பொங்கல் விழாவுக்கு மனமகிழ் மன்றத்தில் படத்தைப் போட்டார்கள். திரை கறுத்ததும் சபை திகைத்தது. ஊருக்கெல்லாம் கரண்ட் செய்து அனுப்புகிற இடத்தில் கரண்ட் போவது மானப் பிரச்சினை. "பீஸ் போச்சு" என்றது ஒரு குரல். செயலாளர் சங்கரலிங்கம், திருநெல்வேலிக்காரர், ஓடிப்போய் அத்தனை குழல் விளக்குகளையும் போட்டார். அந்த வெளிச்சத்தில் சுடர் வந்ததும் போனதும் யாருக்கும் தெரியவில்லை.

இன்னாசிராஜ் எழுந்தார். "பீஸ் போவலைங்க. படமே அதாங்க."

"இருட்டக் காட்டவாவே இத்தன பேரக் கூட்டினீரு? எலெக்ட்ரீஷியன் எடுக்கிற படமா இது?" என்றார் சங்கரலிங்கம்.

"எலெக்ட்ரீஷியன்தாங்க எடுக்கணும். எங்க அக்கா வருசக்கணக்கா இருட்டுல தேடிக்கினு கெடக்குது. ரெண்டு நிமிசம் உங்களால குந்த முடியலைங்களா?"

பின்வரிசையிலிருந்து மேரிசெல்வி சொன்னாள்: "இன்னொரு தபா ஓட்டிடுங்க சார். இல்லைன்னா எங்க வூட்டுல வெளக்கு போட வுடமாட்டாரு."

சிரிப்பு அடங்கியதும் சங்கரலிங்கம் தலையசைத்தார். ரீலைத் திருப்பிச் சுற்றினார்கள். குழல் விளக்குகளை ஒவ்வொன்றாக இன்னாசிராஜே அணைத்தார். ஆனால் நாற்காலிக்குத் திரும்பவில்லை. சுவிட்ச் போர்டுக்கு முதுகைக் கொடுத்து, இரண்டு கைகளையும் பின்னால் கொண்டுபோய், எல்லாச் சுவிட்சுகளையும் பொத்திக்கொண்டு நின்றார்.