எழுதியவர் பெயர் தெரியவில்லை

இசைக்குழுவில் எல்லோரும் பார்க்கிற ஆள் கண்டக்டர், யாரும் பார்க்காத ஆள் நூலகர். ஒரே ஒரு தாள் காணாமல் போனால் மட்டும் அத்தனை பேரும் நூலகரைத்தான் பார்ப்பார்கள். அந்த நூலகர் நான். சிட்னிக்குப் படிக்க வந்து, ஊர் திரும்பிச் சென்னையில் பத்து வருடம் இருந்து, நாற்பத்தைந்து வயதுக்கு மேல் மறுபடியும் இங்கேயே வந்து சேர்ந்தவளுக்கு, மேற்குப் புறநகரின் இசைக்குழு ஒன்றில் கிடைத்த வேலை இது. ஐம்பது பேர் வாசிக்கும் இசைத் தாள்களை அடுக்கி, கொடுத்து, திரும்ப வாங்க வேண்டும். கொடுத்த பொருளைத் திரும்பக் கேட்டுக் கேட்டே வயதான நண்பர்களே, இதை உங்களுக்காகத்தான் எழுதுகிறேன்.

பதினெட்டுக் கண்ணாடிகள்

வாடகைக்கு எடுத்த இசைத் தாள்களில் பென்சில் குறிகளை எல்லாம் அழித்துவிட்டுத்தான் திருப்பி அனுப்ப வேண்டும். ஒரு கச்சேரி முடிந்தால் எனக்கு ஒரு வாரம் ரப்பரும் கையுமாகப் போகும். இரண்டாம் வயலின் வரிசையில் புஷ்பா ஆன்ட்டி வாசிக்கிறார். மலேசியாவின் ஈப்போவிலிருந்து வந்து இங்கே நர்சாக இருந்து ஓய்வு பெற்றவர். கண்டக்டரைக் கவனிக்க வேண்டிய இடத்தில் சின்னதாக மூக்குக்கண்ணாடி வரைவது வாசிப்பவர்கள் வழக்கம். ஆன்ட்டியின் ஒரே தாளில் பதினெட்டுக் கண்ணாடிகள் இருந்தன. அழித்து முடித்த கை வலியோடு, எதற்கு இத்தனை என்று கேட்டேன்.

"கவனிச்சேன்னு அர்த்தம் இல்ல லா. கவனிக்கணும்னு நினைச்சேன்னு அர்த்தம்."

பெயர் இருந்தால் வேண்டாம்

கால்வின் அமெரிக்கர். இசையமைப்பாளர், கண்டக்டர், இரண்டும் அவரே. நிலக்கரி தோண்டும் மலைப்பகுதியில் வளர்ந்தவர். சுரங்கத் தொழிலாளிகளின் பாட்டுகளை எடுத்துப் பெரிய இசைக்குழுக்களுக்கு எழுதிப் பெயர் வாங்கியவர். எங்கள் குழுவுக்குப் புதிதாக ஒன்று எழுத மூன்று மாதம் வந்திருந்தார். இங்கே வாழும் மக்களின் வேலைப்பாட்டு ஒன்று அதில் வர வேண்டும் என்பது அவர் ஆசை. முதல் நாளே என்னைப் பிடித்துக்கொண்டார். உங்கள் வீட்டில் வேலை செய்யும்போது என்ன பாடுவார்கள்?

திருச்சி கான்வென்ட்டில் பியானோவும் வீட்டில் வர்ணமும் கற்றவளுக்கு அது எப்படித் தெரியும்? அப்பா பேங்க் கவுண்ட்டரில் பாடி நான் கேட்டதில்லை. மானத்தைக் காப்பாற்ற நாற்று நடும் பாட்டு ஒன்றைப் பாடினேன். கண்ணை மூடிக் கேட்டார். யார் எழுதியது என்றார். சினிமாப் பாட்டு என்று ஒப்புக்கொண்டேன். நோட்டுப் புத்தகத்தை மூடிவிட்டு மிகுந்த மரியாதையோடு சொன்னார்:

"எழுதியவர் பெயர் தெரிந்தால் அது எனக்கு வேண்டாம்."

தோசை வரிசை

ஞாயிற்றுக்கிழமை கால்வினை என் காரில் ஹெலன்ஸ்பர்க் பெருமாள் கோயிலுக்கு அழைத்துப் போனேன். அங்கே கேன்டீனில் தோசைக்கு நிற்கிற வரிசையில் யாராவது ஒருவருக்காவது தெரிந்திருக்கும் என்று நம்பினேன். மூன்று பேர் பஜனை பாடினார்கள். ஒருவர் போனில் தேட ஆரம்பித்தார். கெல்லிவில் புறநகரில் இருந்து வந்திருந்த ஓர் அப்பா, எதிரே நிற்பவர் இசையமைப்பாளர் என்று தெரிந்ததும் மகளைக் கையைப் பிடித்து முன்னால் நிறுத்தினார். நாட்டுப்புறப் பாட்டு ஏதாவது, என்று நான் இழுத்தேன்.

"ஃபோக் எல்லாம் எதுக்கு மேடம்? இவ வயலின் எய்த் கிரேடு, டிஸ்டிங்ஷன். சாரை டெஸ்ட் பண்ணிப் பாக்கச் சொல்லுங்க."

நகராத பியானோ

தேடியது எங்கள் ஒத்திகைக் கூடத்திலேயே இருந்தது. நாற்காலி அடுக்குவது, மேடை துடைப்பது எல்லாம் அங்கே ரஞ்சன்தான். நாற்பதை நெருங்குகிறவர். முல்லைத்தீவுக் கரையிலிருந்து படகில் வந்தவர். வந்ததும் தடுப்பு முகாமில் வைத்திருந்து பிறகு தற்காலிக விசாவில் வெளியே விட்டார்கள். நிரந்தரமாக இருக்கலாமா என்று சொல்லப் போகும் கடிதத்துக்காகப் பல வருடமாகக் காத்திருக்கிறார்.

ஒருநாள் பெரிய பியானோவை மேடைக்கு ஏற்ற நான்கு பேர் நான்கு விதமாக இழுத்துக்கொண்டிருந்தார்கள். ரஞ்சன் பாட ஆரம்பித்தார். "கடிதம் வருகுது ஏலேலோ, நடந்தே வருகுது ஏலேலோ, செருப்புத் தேஞ்சு போச்சாம் ஏலேலோ." ஒவ்வொரு ஏலேலோவுக்கும் ஓர் இழுப்பு. கூட இழுத்த மூவரும் வியட்நாம்காரர்கள், ஒரு சொல் புரியாது. பியானோ சாய்பலகையில் ஏறிவிட்டது. கால்வின் பென்சிலோடு ஓடி வந்தார். எத்தனை நூற்றாண்டுப் பழசு என்று கேட்கச் சொன்னார். கேட்டேன். மெட்டில் பாதி ஊரில் வலை இழுக்கிறபோது பாடுவது, மீதி மெட்டும் சொற்களும் முகாமில் இருந்தபோது தான் கட்டியது என்றார் ரஞ்சன். மொழிபெயர்த்தேன். கால்வின் பென்சிலைத் தாழ்த்தினார்.

"இத்தனை வருடத்தில் எழுதியவரே நேரில் வந்தது இதுதான் முதல் தடவை."

ஒரு படிவம்

எழுதியவர் உயிரோடு, அதுவும் நம் நாற்காலிகளை அடுக்கிக்கொண்டு இருந்தால், சம்மதம் வாங்க வேண்டும், நிகழ்ச்சித் தாளில் பெயர் போட வேண்டும். கால்வின் இதில் கறார். தன் பெயருக்குக் கீழே அதே அளவு எழுத்தில் ரஞ்சன் பெயர் என்றார். நல்ல செய்தி கொண்டுபோகிறவளின் முகத்தோடு நான் படிவத்தை எடுத்துப் போனேன். ரஞ்சன் இரண்டு தரம் வாசித்தார். பாட்டைத் தாராளமாக எடுங்கள், பெயர் வேண்டாம் என்றார். கடிதத்தைக் கிண்டல் செய்கிற பாட்டு. கடிதம் எழுத வேண்டியவர்கள் கண்ணில் பட்டால்? அப்படியெல்லாம் ஒன்றும் ஆகாது என்று வாதாடினேன். ஆஸ்திரேலிய பாஸ்போர்ட்டைக் கைப்பையில் வைத்துக்கொண்டு சொல்வது எளிது.

"வந்த நாளில இருந்து எல்லா இடத்திலயும் பேர் எழுதிக் குடுத்தாச்சு அக்கா. ஒரு இடத்திலயாவது எழுதாம விடுங்கோ."

வேகம்

வாய்ச்சொல்லே சம்மதம் என்று ஏற்றுக்கொண்டு கால்வின் எழுதி முடித்தார். முதல் ஒத்திகையில் ஓபோக் குழல் தனியாக, மிக மெதுவாக, நெஞ்சைப் பிழிகிற மாதிரி ஆரம்பித்தது. புஷ்பா ஆன்ட்டி கைக்குட்டை தேடினார். பின்னால் துடைப்பத்தோடு நின்ற ரஞ்சன் மட்டும் முகத்தைச் சுளித்தார். இடைவேளையில் நேரே என்னிடம் வந்தார். படிவத்தைப் பார்த்தபோது இருந்த தயக்கம் இப்போது துளியும் இல்லை. "ஏன் அக்கா செத்தவீடு மாதிரி வாசிக்கினம்? இது பகிடிப் பாட்டு, சிரிக்கத்தான் கட்டினது. அழுதிருந்தா நாங்கள் முகாமிலயே முடிஞ்சிருப்பம். பேர் போகட்டும், பாட்டை அழவைக்க வேண்டாம் எண்டு சொல்லுங்கோ."

சொன்னேன். தன் காதில் சோகமாகத்தான் விழுந்தது என்றார் கால்வின். ரஞ்சன் விவாதிக்கவில்லை. பியானோவின் முன் மூலை ஒன்றைக் கால்வினைப் பிடிக்கச் சொல்லி, மற்ற முன் மூலையைத் தான் பிடித்து, ஓபோ வாசித்த வேகத்திலேயே பாடினார். இருவரும் ஆளுக்கொரு நேரத்தில் இழுத்தார்கள். பியானோ அசையவில்லை. பிறகு தன் வேகத்தில் பாடினார். ஒரு முழம் நகர்ந்தது. கால்வின் மூச்சு வாங்கிக்கொண்டே தன் தாளில் 'மெதுவாக' என்பதை அடித்தார். மற்ற ஐம்பது தாள்களில் அடித்தது யார் என்று நீங்கள் கேட்க மாட்டீர்கள்.

"பாத்தீங்களோ அக்கா? அந்த வேகத்தில வலை வராது."

சனிக்கிழமை பிற்பகல்

நிகழ்ச்சித் தாளில் பாட்டுக்கு 'எழுதியவர் பெயர் தெரியவில்லை' என்றே அச்சாகியிருந்தது. கால்வினின் பதினொரு நிமிட இசையில் பாட்டு வந்த இடத்தில் சபையில் கால்கள் தாளம் போட ஆரம்பித்தன. யாரும் கைக்குட்டை எடுக்கவில்லை. முடிந்ததும் கடைசி வரிசைக்குப் பின்னால் நின்று ரஞ்சனும் கை தட்டினார், மற்றவர்கள் தட்டுகிற அளவுக்கு மட்டும்.

கூட்டம் கலைந்ததும் நாற்காலிகளை மடக்கத் தொடங்கினார். கோட் போட்ட யாழ்ப்பாணத்துப் பெரியவர் ஒருவர் மட்டும் எழாமல் உட்கார்ந்திருந்தார். ரஞ்சன் தமிழ் என்று தெரிந்ததும் நிகழ்ச்சித் தாளைத் தட்டிக் காட்டினார். "பேர் தெரியாதாம்! தம்பி, இது எங்கட பாட்டு. நூறு வருசத்துக்கு மேல வரும். என்ர அப்பர் தோணி இழுக்கேக்க இதைத்தான் பாடுறவர், ஒரு சொல்லு மாறாம."

வாத்தியங்கள் மட்டுமே வாசித்ததில் எந்தச் சொல் மாறவில்லை என்று கேட்க வாயெடுத்தேன். ரஞ்சன் என்னை ஒரு பார்வை பார்த்தார். அடக்கிய சிரிப்பில் அவர் கன்னம் துடித்தது. பெரியவருக்குக் கை கொடுத்து எழுப்பிவிட்டு, அவர் இருந்த நாற்காலியையும் மடக்கினார்.

"ஓம் அங்கிள். நானும் சின்னனில கேட்டிருக்கிறன்."

ஒரு பாட்டு நூறு வருடப் பழசாவதற்குப் பதினொரு நிமிடம் போதும் என்று தெரிந்துகொண்டேன். அதைக் கட்டியவர் இந்த ஊர்க்காரர் ஆவதற்கு எவ்வளவு நேரம் வேண்டும் என்பதுதான் இன்னும் யாருக்கும் தெரியவில்லை.