கொன்ஸ்தாந்திநோபிளைத் தின்ற கழுதை

மன்னார் பஸ் நிலையச் சுவரில் டியூஷன் ஆசிரியர் ஒருவர் கோதுமை மாப்பசையால் நோட்டீஸ் ஒட்டுகிறார்: ‘மத்தியகால உலக வரலாற்றின் திருப்புமுனைகள்’. நாளைக்கு வகுப்பு, இன்னும் ஒரு பிள்ளைகூடச் சேரவில்லையாம். அவர் நகர்ந்ததும் கழுதையொன்று வந்து, நோட்டீஸிலிருந்த ‘கொன்ஸ்தாந்திநோபிளின் வீழ்ச்சி’ என்ற பகுதியைக் கிழித்து மெல்லத் தொடங்குகிறது.

“கழுதையைக் கலையுங்கோ, சேர்!” என்கிறேன்.

“கலைச்சாலும் வரும், தம்பி. நேற்றுச் சிலுவைப் போர் முழுக்கத் திண்டிட்டுது. அதுதான் இண்டைக்குப் பசையில மிளகாய்த்தூள் கலந்தனான். பொறுத்துப் பாருங்கோ.”

கழுதை ஒரு கணம் யோசிக்கிறது. பிறகு ஊரே அதிரக் கத்துகிறது. தாராபுரம் பஸ்ஸுக்கு நிற்கும் மாணவர்கள் எல்லோரும் திரும்பி, முதலில் கழுதையையும் பிறகு சுவரையும் பார்க்கிறார்கள்.

“சேர், இதுவும் வகுப்புக்கு வருமோ?” என்று சிரிக்கிறாள் ஒருத்தி.

“ஓம் பிள்ளை,” என்கிறார் ஆசிரியர். “முதல் சேர்ந்ததே இதுதான்.”