கை நனைத்த வீடு

எனக்கு எழுபத்தொரு வயது முடிந்துவிட்டது. பெற்றது மூன்று, வளர்த்தது ஐந்து. ஐந்தும் இன்று சொந்தக் காலில் நிற்கின்றன. என் பெயரை எழுதத் தெரியும், பஸ் போர்டு படிக்கத் தெரியும். அதற்கு மேல் வேண்டியதைப் பேத்தி பார்த்துக்கொள்கிறாள். நான் சொல்லச் சொல்லப் போனில் தட்டிக்கொண்டு வருகிறாள். போன வாரம் டிவியில் யாருக்கோ தூக்கு என்று சொன்னார்கள். வீட்டில் எல்லோரும் நல்லா வேணும் என்றார்கள். எனக்குப் பெரியம்மாவின் முகம் வந்தது.

பெரியம்மா, என் அப்பாவின் அண்ணன் மனைவி. ஆவடியில் பருத்திப்பட்டு ஏரிக்குப் பக்கத்தில் எல்லோரும் ஒரே வீட்டில் இருந்தோம். ஏரியில் மீன் பிடிக்கப் பெரியப்பாவும் பக்கத்துத் தெரு ஆள் ஒருவரும் கூட்டாகக் குத்தகை எடுத்திருந்தார்கள். கூட்டில் சண்டை வந்தது. ஒரு நாள் விடியற்காலையில் அந்த ஆள் கரையில் காத்திருந்து பெரியப்பாவைக் கத்தியால் குத்திவிட்டார். கோர்ட்டில் அவருக்குத் தூக்கு என்று தீர்ப்பானது. அப்பா தெருவுக்கே சர்க்கரை கொடுத்தார். எனக்கு எட்டு வயது. நானும் ஒரு கை அள்ளித் தின்றேன்.

பெரியம்மா தொடவில்லை. தினமும் சாயங்காலம் வீட்டில் ஜெபம் நடக்கும். மன்னிப்பைப் பற்றிய வரி வரும்போது எங்கள் குரலெல்லாம் போய்க்கொண்டே இருக்கும், அவள் குரல் மட்டும் நின்றுவிடும். பெரியப்பா போனதிலிருந்து அப்படித்தான். மனசில் இல்லாததைச் சாமியிடம் எப்படிச் சொல்வது என்று அம்மாவிடம் கேட்டாளாம். தீர்ப்பு வந்த பிறகு ஒரு சாயங்காலம் அந்த வரியையும் சேர்த்துச் சொல்லிவிட்டாள். மறுநாளே சர்ச்சுக்குப் போய், அந்த ஆளைத் தூக்கில் போடாமல் இருக்க என்ன செய்ய வேண்டும் என்று போதகரிடம் கேட்டாள்.

போதகர் கருணை மனு எழுதினார். பெரியம்மா கைநாட்டு வைத்தாள். செத்தவரின் தம்பியும் வைத்தால் மேலே இருப்பவர்கள் யோசிப்பார்கள் என்றார். அன்றிலிருந்து எங்கள் வீட்டில் சத்தம்தான்.

"எங்க அண்ணன குத்துனவன நானே காப்பாத்தணுமா? இன்னா அண்ணி, கிறுக்கு புட்ச்சிகீதா ஒனக்கு?"

"காப்பாத்த வாணாம் நைனா. கொல்லாம உடு, அது போதும். நானு அவங்க ஊட்ல ஒரு வாயி சோறு துன்னுட்டு வந்துட்டேன். எனக்குப் பக முடிஞ்சி போச்சி."

எங்கள் பக்கத்தில் பகை வந்த வீட்டில் கை நனைக்க மாட்டார்கள். தண்ணீர்கூட வாங்கிக் குடிக்க மாட்டார்கள். கை நனைத்துவிட்டால் தீர்ந்தது. அப்புறம் அந்த வீட்டுக்குக் கெடுதல் நினைக்கக் கூடாது.

அப்பா சிரித்தார். கோபம் முற்றினால் அவருக்கு அப்படித்தான் சிரிப்பு வரும்.

"நீ துன்னா ஆச்சா? நீ வேற ஊட்லேர்ந்து வந்தவ. எங்க ரத்தம் எதுனா அங்க கை நனைக்கட்டும், அன்னிக்கி வந்து கேளு. அப்பவே வெக்கிறேன் கைநாட்டு."

தெருவிலும் விடவில்லை. குழாயடியில் ஒருத்தி, "இன்னாம்மே, புருசன முழுங்குனவனுக்கே பொங்கிப் போடுவியா?" என்றாள். பெரியம்மா குடத்தை இடுப்பில் ஏற்றிக்கொண்டு, "ஒனக்கும் சேத்துதான் பொங்குறேன், வந்து துன்னுட்டுப் போ" என்றாள். வீட்டுக்கு வந்துதான் அழுதாள்.

அந்த ஆளுக்கு நாள் குறிக்கப் போகிறார்கள், மனு உடனே போக வேண்டும் என்று போதகர் சொல்லியனுப்பினார். அதற்கடுத்த நாள் காலையில் அப்பா வேலைக்குப் போனதும் பெரியம்மா, "வாடி, ஒரு எடம் வரிக்கும் போயிட்டு வரலாம்" என்றாள். அம்மா என் தலையை வாரிப் பூ வைத்துவிட்டாள். காலையில் எனக்குப் பழையது போடவில்லை. வழியெல்லாம் பசிக்குது பசிக்குது என்று முனகிக்கொண்டே போனேன். பெரியம்மா கையை விடாமல் நடந்தாள்.

போனது அந்த ஆளின் வீட்டுக்கு. அவர் மனைவி எங்களைப் பார்த்ததும் எழுந்து சுவரோடு ஒட்டி நின்றாள். அடுப்பில் விரால்மீன் குழம்பு கொதித்துக்கொண்டிருந்தது. எனக்குத் தாங்கவில்லை.

"பசிக்குது" என்றேன்.

அவள் பெரியம்மாவைப் பார்த்தாள். "யக்கா, கொயந்த பசிங்குதே..."

பெரியம்மா வாசலைப் பார்த்துக்கொண்டு நின்றாள். போடு என்றும் சொல்லவில்லை, வேண்டாம் என்றும் சொல்லவில்லை. அந்த அம்மாள் தட்டை வைத்தாள். குழம்பு ஊற்றும்போது பாதி தரையில் சிந்தியது. நான் தலை நிமிராமல் தின்றேன்.

சாயங்காலம் அப்பா என்னை மடியில் இழுத்தார். கையை முகர்ந்தார்.

"நம்மூட்ல இன்னிக்கி மீனே வாங்கலியே. எங்க துன்ன?"

நான் சொன்னேன். ஏரிக்கரைக்குப் போகும் வழியில், கிணறு இருக்கும் வீடு என்று அடையாளமும் சொன்னேன். அப்பா என் மணிக்கட்டைப் பிடித்துத் தொட்டிக்கு இழுத்துக்கொண்டு போனார். சாம்பலை அள்ளித் தேங்காய் நாரால் உள்ளங்கையைத் தேய்த்தார். தேய்த்துக்கொண்டே இருந்தார். தோல் எரிந்து நான் அலறினேன். அம்மா ஓடிவந்து அவர் கையைப் பிடித்தாள், உதறினார். வாசற்படியில் நின்று பெரியம்மா சொன்னாள்:

"கைய கழுவுவ. வயித்துல போனத இன்னா பண்ணுவ?"

அப்பா நாரோடு அவளை நோக்கித் திரும்பினார். அடித்துவிடுவார் என்று கண்ணை மூடிக்கொண்டேன். சத்தமே இல்லை. திறந்து பார்த்தபோது அவர் தொட்டிக்கருகில் உட்கார்ந்து தன் கைகளைக் கழுவிக்கொண்டிருந்தார். சட்டையைப் போட்டுக்கொண்டு போதகர் வீட்டுப் பக்கம் நடந்தார். திரும்பி வந்தபோது கட்டைவிரலில் மை இருந்தது.

தூக்கு ஆயுளாக மாறியது. பெரியம்மா அதோடு நிற்கவில்லை. எங்கே யாருக்குத் தூக்கு என்று காதில் விழுந்தாலும் கிளம்பிவிடுவாள். முதலில் போவது செத்தவர் வீட்டுக்குத்தான். நாயை அவிழ்த்துவிட்டவர்கள் உண்டு, சாணியைக் கரைத்து ஊற்றியவர்கள் உண்டு. பல பேரைக் காப்பாற்ற முடியாமலும் போனது. அந்த நாட்களில் அவள் வாயில் பச்சைத் தண்ணீர் படாது. அப்பா கடைசிவரைக்கும் அவளிடம் பேசவில்லை. ஆனால் அவள் ரயிலேறப் போகும் நாளில் ஆவடி ஸ்டேஷன்வரை சற்றுப் பின்னாலேயே நடந்து போவார். ரயில் கிளம்பின பிறகுதான் திரும்புவார்.

அன்றைக்குப் பெரியம்மா எனக்குப் பழையது போட மறந்துவிட்டாள் என்றுதான் வெகுகாலம் நினைத்திருந்தேன். தெருநாய்க்குக்கூட ஒரு பிடி வைக்காமல் படியிறங்காதவள் அவள். நான் ஐந்து பிள்ளைகளுக்குச் சோறு போட்ட பிறகுதான் அது உறைத்தது. அம்மாவை நினைக்க அதற்கப்புறமும் நாளாயிற்று. வாசலுக்குப் போனால்கூடச் சாப்பிட்டாயா என்று கேட்பவள், அன்று ஒரு வார்த்தை கேட்கவில்லை. கேட்கலாம் என்று எனக்குத் தோன்றியபோது இரண்டு பேருமே இல்லை.

இன்னா கண்ணு, எல்லாம் போன்ல ஏறிச்சா? எங்கே, மொதல்லேர்ந்து படி, கேக்கறேன். எங்கம்மா பூ வெச்சி அனுப்பற எடம் வந்தா மட்டும் கொஞ்சம் மெதுவா படி.