நான் நிமிர்த்திய ரஷ்யச் சதுரம்

பாப்பாவுக்கு வாங்கும் புதுத் துணி எதையும் மூன்று முறை துவைக்காமல் போட்டுவிட மாட்டேன். போட்டுவிட்ட பிறகு, நான்காவது முறையும் துவைத்திருக்கலாமோ என்று யோசிப்பேன். நேற்று அப்படித் துவைத்த பனியன் ஒன்றை இஸ்திரி போடும்போது, உள்பக்கம் திருப்ப மறந்து, நெஞ்சிலிருந்த யானைப் படத்தின் மேலேயே பெட்டியை வைத்துவிட்டேன். தும்பிக்கை பெட்டியோடு வந்துவிட்டது. கூடவே, சூடான பிரிண்ட் பேஸ்ட்டின் வாசனை. திருப்பூரில் வேலை பார்த்த யாருக்கும் தெரிந்த வாசனைதான். எனக்கு அது செல்வராஜ் அண்ணனின் பிரிண்டிங் ஷெட்.

அப்போது நான் கல்லூரி முடித்து, பெருமாநல்லூர் ரோட்டில் ஒரு பனியன் கம்பெனியில் மெர்ச்சன்டைசராகச் சேர்ந்து இரண்டு மாதம். பெயரைக் கேட்டுப் பெரிதாக நினைக்க வேண்டாம். வெளிநாட்டு பையர் கேட்பதை பிரிண்டிங்காரரிடம் சொல்ல வேண்டும். பிரிண்டிங்காரர் சொல்லும் சாக்கை நயமான இங்கிலீஷில் பையருக்கு எழுத வேண்டும்.

ஒரு குழந்தைகள் பனியன் ஆர்டர் வந்தது. ரஷ்யப் புரட்சிக் காலத்து ஓவியப் பாணி என்று மெயிலில் இருந்தது. ஒரு சிவப்புச் சதுரம், அதன்மேல் கறுப்பு வட்டம், குறுக்கே இரண்டு கோடு. அவ்வளவுதான். இதை நான் கல்லூரியில் படித்தவள்தான். மரமும் முகமும் பழக்கூடையும் வரைந்தது போதும் என்று வெறும் சதுரத்துக்கும் வட்டத்துக்கும் வந்துவிட்டவர்கள் அந்த ஓவியர்கள். அவர்களில் இரண்டு பெண்கள் பருத்தி மில்லுக்கே போய், சாதாரண ஜனங்கள் உடுத்தும் துணிக்கு டிசைன் வரைந்தார்கள். ஐந்து மார்க் கேள்வி. நான்கரை வாங்கினேன். அந்த அரை மார்க் எதில் போனது என்று பிறகுதான் புரிந்தது.

சதுரம் சாய்ந்திருந்தது. எங்கள் ஊரில் சாய்ந்த பிரிண்ட் என்றால் ரிஜெக்ட். செக்கிங் அக்காக்கள் அம்புக்குறி ஸ்டிக்கர் ஒட்டி ஓரமாகப் போட்டுவிடுவார்கள். ஃபைல் அனுப்பும்போது ஏதோ நகர்ந்துவிட்டது என்று நினைத்துக்கொண்டேன். பையரிடம் கேட்டிருக்கலாம். கேட்டால், இதுகூடத் தெரியாதவள் என்று நினைத்துவிட்டால்? அந்த நேரம் பார்த்து, எங்களுக்குப் பிரிண்ட் அடித்துக் கொடுக்கும் செல்வராஜ் அண்ணனே போன் செய்தார்.

"ஏனுங்க அம்மிணி, கட்டம் சாஞ்சு கெடக்குது. இப்படியேதான் அடிக்கோணுங்களா?"

"நேராக்கிருங்ணா."

சிரிக்காதீர்கள். ஒரு பேரரசே கவிழ்ந்த காலத்துக் கோணலை ஒரே போனில் நிமிர்த்திவிட்டேன்.

சாம்பிள் போய், பதில் வந்தது. மிகப் பணிவான பதில். அதனால்தான் இரண்டு முறை படித்தேன். அந்தச் சதுரம் சாய்ந்திருப்பதால்தான் பறப்பதுபோலத் தெரிகிறது, நிமிர்த்தியதும் நின்றுவிட்டது என்று எழுதியிருந்தார்கள். உண்மைதான். நிமிர்த்திய படம் பல்பொடி டப்பா லேபிள் போலிருந்தது. அனுப்பும்போது எனக்கு அது அழகாகத் தெரிந்ததுதான் கொடுமை.

எம்.டி. சார் என்னைப் பக்கத்தில் நிறுத்திக்கொண்டு, செல்வராஜ் அண்ணனை ஸ்பீக்கரில் அழைத்தார்.

"ஆர்ட்வொர்க்குல கை வெக்கச் சொன்னது யாரு?"

அந்தப் பக்கம் ஸ்கிரீன் கழுவும் தண்ணீர்க் குழாயை அவர் மூடுவது கேட்டது.

"என்ற தப்புதானுங்க சார். பாக்காம உட்டுட்டனுங்க."

போனை வைத்த சார், இனி அவருக்கு வேலை கொடுக்க வேண்டாம், ஆர்டரை அவிநாசி யூனிட்டுக்கு மாற்றிவிடு என்றார். அந்த ஷெட்டில் எட்டுப் பேர், எங்கள் கம்பெனி ஒன்றைத்தான் நம்பியிருந்தார்கள். அது தெரிந்தும் நான் சொன்னது, "சரிங் சார்."

சீட்டுக்கு வந்து, உண்மையைச் சொல்லி ஒரு மெயில் எழுதினேன். அடித்து அடித்து ஐந்து முறை. இரண்டாவதில் தப்பு ஃபைலுடையதாக இருந்தது, மூன்றாவதில் கல்லூரியுடையது. சாப்பாட்டு நேரத்தில் மெயில் இல்லாமலேயே போய் நின்றேன்.

"நேராக்கச் சொன்னது நான்தானுங் சார்."

சார் இரண்டு படத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து வெகுநேரம் பார்த்தார்.

"எனக்கும் நேரா இருக்கறதுதான் புடிக்குது. வாங்கறவன் கோணையாத்தான வேணுங்கறான்? போ, செல்வராஜுக்கே குடு."

பிறகு ஜியாமெட்ரி பாக்ஸ் வாங்கி, கோணமானி வைத்துச் சாய்வை அளந்தேன். எல்லாப் பனியனும் ஒரே அளவு கோணலாக வர வேண்டுமே. வந்தது. முதல் நாள் வந்தவை அத்தனையிலும் செக்கிங் அக்காக்கள் ஸ்டிக்கர் ஒட்டிவிட்டார்கள். உட்கார்ந்து ஒவ்வொன்றாக உரித்தேன்.

சாருக்குக் கோபம் தணிந்துவிட்டது, அதனால் வேலை திரும்பி வந்தது என்றே செல்வராஜ் அண்ணன் நினைத்துக்கொண்டிருந்தார். அன்று ஸ்பீக்கருக்குப் பக்கத்தில் நான் வாயை மூடிக்கொண்டு நின்றதும் அவருக்குத் தெரியாது. பாப்பா வயிற்றில் வந்து நான் வேலையை விடும்வரை, இரண்டு வருஷம் அவரோடு வேலை. ஒவ்வொரு முறை ஷெட்டுக்குப் போகும்போதும் சொல்லிவிட வேண்டும் என்றுதான் போவேன். "பேஸ்ட் நல்லாக் காஞ்சுதுங்களாண்ணா?" என்று கேட்டுவிட்டுத் திரும்பிவிடுவேன்.

இன்று காலை, சொல்லியே விடுவது என்று வண்டியை எடுத்துக்கொண்டு போனேன். ஷெட் இருந்த இடத்தில் டைல்ஸ் கடை. வாசலிலிருந்த வாட்ச்மேன் இந்திக்காரர். வந்து நாலு மாதம்தான் ஆகிறதாம், பிரிண்டிங் என்று ஒன்று இங்கே இருந்ததே தெரியாது என்றார். பழைய நம்பருக்கு அடித்துப் பார்த்தேன். உபயோகத்தில் இல்லை.

போகும் வழியெல்லாம் மன்னிப்பை மூன்று விதமாகச் சொல்லிப் பார்த்திருந்தேன். மூன்றாவது கொஞ்சம் நன்றாகவே வந்திருந்தது.