கிழக்கு பார்த்த நாற்காலி

என் மகளை நேரடியாக யூகேஜியில் சேர்ப்பதற்காக ஒரு பள்ளிக்குக் கூட்டிப் போயிருந்தோம். அவளுக்கு அப்போது நாலரை வயது. ஒரு சின்ன மேஜைக்கு முன்னால் அவளை உட்கார வைத்து, சிவப்புப் பந்து ஒன்றையும் பிளாஸ்டிக் யானை ஒன்றையும் கொடுத்தார்கள். பந்துக்கு இடது பக்கத்தில் யானையை வைக்கச் சொன்னார் ஆசிரியை. அவள் யானையைக் கையில் எடுத்துக்கொண்டாள். பந்தைப் பார்த்தாள், ஆசிரியையைப் பார்த்தாள், பிறகு மிகவும் மரியாதையாகக் கேட்டாள்.

"மிஸ், இடதுன்னா தெக்கயா, வடக்கயா?"

என் கணவர் சிரித்துவிட்டார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. ஆசிரியையும் புன்னகை செய்தார், ஆனால் உடனே குனிந்து ஒரு தாளில் இரண்டு வரி எழுதினார். எதிரில் உட்கார்ந்தபடி அதைத் தலைகீழாகப் படிக்க முயன்றேன். முடியவில்லை. அது என்னவென்று இன்றுவரை எனக்குத் தெரியாது. நிறம், எண், விலங்குகளின் பெயர் எல்லாம் நன்றாகச் சொல்கிறாள், இடது வலது மட்டும் வீட்டில் கொஞ்சம் சொல்லிக் கொடுத்து இரண்டு வாரம் கழித்து அழைத்து வாருங்கள் என்றார். அவர் சாதாரணமாகத்தான் சொன்னார். இருப்பது சில இடங்கள்தான் என்றும் சொன்னார். எனக்கு இரண்டாவதாகச் சொன்னது மட்டும்தான் காதில் நின்றது.

திரும்பி வரும்போது கணவர் ஸ்கூட்டரை ஓட்டிக்கொண்டே, "பிள்ள சரியாத்தான கேட்டா? எந்தப் பக்கம்னு சொன்னாத்தான வைக்க முடியும்" என்றார். தப்பு பிள்ளையுடையது இல்லை என்று எனக்குத் தெரிந்திருந்தது. தப்பு என்னுடையது.

பாளையங்கோட்டையில் எங்கள் வீட்டில் எந்தப் பொருளுக்கும் இடம், வலம் கிடையாது. உப்பு டப்பா புளி டப்பாவுக்கு வடக்கே இருக்கும். செருப்பைக் கதவுக்குத் தெற்கே கழற்றிப் போட வேண்டும். சோபாவில் மூன்று பேர் உட்கார வேண்டுமென்றால் ஒருவர் மேற்கே தள்ளிக்கொள்ள வேண்டும். சோத்தாங்கை, பீச்சாங்கை என்பது மகளுக்கு நன்றாகத் தெரியும். ஆனால் அது சாப்பிடுகிற கைக்கும் கழுவுகிற கைக்கும் உள்ள பெயர், அவ்வளவுதான். பந்துக்குக் கை இல்லையே. பந்துக்கு எங்கே வருகிறது சோத்தாங்கைப் பக்கம்?

நான் பிறந்து வளர்ந்த முக்கூடலிலும் இப்படித்தான். இது ஒரு விஷயம் என்றே எனக்குத் தெரியாமல் இருந்தது, கணிதம் படிக்கச் சென்னைக்குப் போய் விடுதியில் சேரும்வரை. ரயிலில் விடியற்காலையில் இறங்கி ஆட்டோவில் ஏறியவள் வழியில் தூங்கிப்போனேன். விழித்துப் பார்த்தபோது விடுதி வாசல். வண்டி எங்கெங்கே திரும்பியது என்று தெரியாததால் என் மனம் தானாகவே ஒரு பக்கத்தைக் கிழக்கு என்று வைத்துக்கொண்டது. அது தப்பு. அதன் பிறகு இரண்டு மாதம் எனக்குச் சூரியன் தெற்கே உதித்தது. கண்ணால் பார்த்தாலும் மனம் ஒப்புக்கொள்ளாது, தலை வலிக்கும். அறைத்தோழி தன் வாளி எங்கே என்று கேட்டபோது வடகிழக்கு மூலையில் என்று சொல்லிவிட்டேன். அவள் மற்ற அறைகளுக்கெல்லாம் ஓடிப்போய்ச் சொல்லிச் சிரித்தாள். அன்றிலிருந்து அங்கே எனக்குக் 'காம்பஸ்' என்று பெயர். அதற்குப் பிறகு நானும் லெஃப்ட், ரைட் என்று பேசப் பழகினேன். ஒவ்வொரு முறையும் மனதுக்குள் ஒரு சின்னக் கணக்குப் போட்ட பிறகுதான் வாயில் வரும்.

கல்யாணமாகி ஊருக்குத் திரும்பியதும் அந்தக் கணக்கை விட்டுவிட்டேன். மகளிடம் பேசும்போது எனக்கு இயல்பாக வந்த பேச்சையே பேசினேன். அப்போது அது பாசமாகத் தோன்றியது. பள்ளியிலிருந்து வந்த அன்று அது பொறுப்பில்லாத்தனமாகத் தோன்றியது.

கைப்பேசியில் தேடினேன். தேடியிருக்கக் கூடாது. பக்கம் தெரியாமல் குழம்பும் குழந்தைகளுக்கு என்னென்ன அறிகுறிகள் இருக்கும் என்று ஒருவர் பட்டியல் போட்டிருந்தார். செருப்பை மாற்றிப் போடுவது, சட்டைப் பொத்தானில் ஒன்றை விட்டுவிடுவது, சொன்னதை மறுபடி கேட்பது. எல்லாமே என் மகளிடம் இருந்தன. அழுகையே வந்துவிட்டது. இன்னொரு முறை படித்தபோது எல்லாமே என் கணவரிடமும் இருந்தன. அதில் கொஞ்சம் ஆறுதல்.

மறுநாள் காலை வீட்டில் ஒரு சட்டம் போட்டேன். இரண்டு வாரத்துக்கு யாரும் திசை சொல்லக் கூடாது. இடது, வலது மட்டும்தான்.

முதல் நாளே கணவர் மாட்டிக்கொண்டார். கூடங்குளத்துக்கு வேலைக்குப் போகிற பஸ் வர ஐந்து நிமிடம் இருக்கும்போது அவருடைய அடையாள அட்டையைக் காணவில்லை. அடுக்களையிலிருந்து நான், பீரோவுக்கு இடது பக்கம் ஆணியில் தொங்குகிறது என்றேன். எட்டிப் பார்த்தால் மனிதர் பீரோவுக்கு முன்னால் நின்று, சோற்றுக் கவளத்தை வாய்க்குக் கொண்டுபோவதுபோல ஒரு கையைத் தூக்கிப் பார்த்துக்கொண்டிருக்கிறார்.

"ஏட்டி, பீரோவுக்கு இடதா, எனக்கு இடதா?" என்றார். "பீரோ என்னயப் பாத்து நிக்கு, நான் பீரோவப் பாத்து நிக்கேன். ரெண்டு பேர்ல யாருக்கு?"

கணிதம் படித்த நான் மனதுக்குள் ஒரு படம் போட்டுப் பார்த்தேன், அதற்குள் பஸ் வந்துவிடும்போல இருந்தது. "மேக்க பாருங்க" என்று சொல்லிவிட்டேன். அட்டையை எடுத்துக்கொண்டு ஓடுகிறவர், சட்டம் போட்டவளே மீறினால் என்ன தண்டனை என்று கேட்டுக்கொண்டே போனார்.

காய்கறி வண்டிக்கார அண்ணாச்சியிடம் இன்னும் மோசம். இடது பக்கக் கூடையில் இருக்கிற கத்தரிக்காய் வேண்டும் என்றேன். அவர் என்னை ஏற இறங்கப் பார்த்தார். வண்டிக்கு அந்தப் பக்கம் அவர், இந்தப் பக்கம் நான். அவர் ஒரு கூடையைத் தொட்டார், நான் இல்லை என்றேன். இன்னொன்றைத் தொட்டார், அதுவும் இல்லை. "தாயி, தெக்க உள்ள கூடயா வடக்க உள்ள கூடயா, அதச் சொல்லுங்க" என்றார். என் இடுப்பில் இருந்த மகள், "வடக்க உள்ளது தாத்தா" என்று முடித்து வைத்தாள்.

பாடம் மட்டும் நன்றாக நடந்தது. எங்கள் வீட்டில் சாப்பிடுவதும் படிப்பதும் கிழக்கு பார்த்துத்தான். சாப்பாட்டு மேஜையில் மகளுக்கென்று ஒரு நாற்காலி உண்டு, கிழக்கு பார்த்தது. நல்ல காரியம் தொடங்குவதற்கு அதைவிட வேறு எது வேண்டும்? தினமும் காலையில் பாலைக் குடித்ததும் அவளை அதில் உட்கார வைத்து, ஒரு தக்காளியை நடுவில் வைத்து, கரண்டியை இடது பக்கம் வை, எலுமிச்சையை வலது பக்கம் வை என்று சொல்வேன். மூன்றாம் நாளே பிடித்துக்கொண்டாள். ஐந்தாம் நாள் நான் சொல்லி முடிக்கும் முன்பே வைத்தாள். பத்துக்குப் பத்து. பத்தாம் நாள் அவளே எனக்குப் பரீட்சை வைத்தாள். நான் அவளுக்கு எதிரில் உட்கார்ந்திருந்தேன். அவள் இடது பக்கம் என்று சொன்னதும் நான் யோசித்து என் இடது பக்கத்தில் வைத்தேன். தப்பு என்று பெரிய மனுஷிபோலத் தலையை ஆட்டி, எடுத்து மறுபக்கம் வைத்தாள். அவள் தன் இடத்திலிருந்து பார்க்கிறாள் என்று நினைத்துக்கொண்டேன். குழந்தைதானே.

இரண்டாம் முறை நானும் அவளும் மட்டும் போனோம். அதே அறை, அதே மேஜை, அதே ஆசிரியை. அவருக்குப் பின்னால் இருந்த ஜன்னலில் வேப்பமரங்களுக்கு மேலே தூரத்து மலை நீலக் கோடாகத் தெரிந்தது. மகள் நாற்காலியில் ஏறி உட்கார்ந்து, நான் தயார் என்பதுபோல இரண்டு கைகளையும் மேஜைமேல் வைத்தாள்.

பந்துக்கு இடது பக்கம் யானையை வை என்றார் ஆசிரியை. யோசிக்காமல் டக்கென்று வைத்தாள். வலது பக்கம்.

ஆசிரியை அடுத்ததைச் சொன்னார். பந்துக்கு வலது பக்கம் பூனை. இடது பக்கம் வைத்தாள். யானைக்கு இடது பக்கம் குச்சி. வலது பக்கம். பத்து முறை சொன்னார், பத்தும் தப்பு. அதுவும் எவ்வளவு சந்தோஷமாக! ஒவ்வொன்றையும் வைத்த பிறகு என்னைத் திரும்பிப் பார்த்துச் சிரித்தாள். நான் திரும்பச் சிரித்தேனா என்று நினைவில்லை. இரண்டு வாரத்தில் பிள்ளையை முன்பைவிட மோசமாகக் குழப்பிவிட்டேன் என்று மட்டும் தோன்றியது. முன்பு தெரியாது என்றாவது அவளுக்குத் தெரிந்திருந்தது.

"மன்னிக்கணும் மிஸ்" என்று ஆரம்பித்தேன். "வீட்டுல எல்லாம் சரியாத்தான் வச்சா. நாங்க பேசுறது அப்படி, நான் மொதல்லயே கவனிச்சிருக்கணும். டாக்டர்ட்ட எதுவும் காட்டணுமா?"

அவர் என்னை நிறுத்தச் சொல்லிக் கையைக் காட்டினார். மேஜைமேல் இருந்ததையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"இருங்கம்மா. தெரியாத பிள்ளையா இருந்தா குத்துமதிப்பா வச்சாக்கூட பாதி சரியா வந்திரும். இவ பத்தும் தப்பா வச்சிருக்கா. பத்தும் தப்பா வைக்கணும்னா என்னமோ ஒண்ணு சரியாத் தெரிஞ்சிருக்கணும்லா?"

எம்.எஸ்சி. கணிதம் படித்தவள் நான். இது எனக்குத் தோன்றவில்லை.

அவர் மகளிடம் இடது எங்கே இருக்கிறது என்று கேட்டார். அவள் உடனே எழுந்து நின்று கையை நீட்டிக் காட்டினாள். "அங்கன. வடக்கதான் ஸ்கூல்ல இடதுன்னு சொல்லுவாங்க. எங்கம்மா சொன்னாங்க."

நான் அப்படிச் சொன்னேனா? சொல்லியிருப்பேன். முதல் நாள் அவள் புரியாமல் விழித்தபோது, இப்போது நீ உட்கார்ந்திருப்பதில் வடக்குதான் இடது என்று சுலபமாக்கிச் சொன்ன ஞாபகம். அவள் 'இப்போது' என்பதை விட்டுவிட்டு மீதியை எடுத்துக்கொண்டாள். கிழக்கு பார்த்த நாற்காலியில் உட்கார்ந்தால் இடது கைப்பக்கம் வடக்கு. எல்லாப் பாடமும் அந்த ஒரு நாற்காலியில். இங்கே அவள் மலையைப் பார்த்து, மேற்கு நோக்கி உட்கார்ந்திருந்தாள். வடக்கு அவளுடைய வலது கைப்பக்கம் போய்விட்டது. அவளைப் பொறுத்தவரை எதுவும் மாறவில்லை. இடது இருக்கிற இடத்தில்தான் இருந்தது. நான் அவளுக்கு இடது வலது சொல்லிக் கொடுக்கவே இல்லை. வடக்குக்கும் தெற்குக்கும் புதிதாக இரண்டு பெயர் வைத்துக் கொடுத்திருக்கிறேன்.

இதை நான் தட்டுத்தடுமாறிச் சொன்னதும் ஆசிரியை வாய்விட்டுச் சிரித்தார். அவர் உவரிக்காரர். "எங்க வீட்டுல கடல் பக்கம், கரைப் பக்கம், ரெண்டே ரெண்டுதான்" என்றார். "சோத்துத் தட்டக்கூட கொஞ்சம் கரைப் பக்கம் தள்ளுன்னுதான் எங்கம்மா சொல்லுவாங்க. நான் படிக்க இங்க ஹாஸ்டலுக்கு வந்து, கடல் எந்தப் பக்கம்னு தெரியாம ஒரு வாரம் முழிச்சேன். தலவலி வேற."

அந்தத் தலைவலி எனக்குத் தெரியும் என்றேன். இரண்டு பேரும் ஒரு நிமிடம் அதைப் பற்றியே பேசினோம். நான் வந்த காரியமே மறந்துபோனது.

பிறகு அவர் மகளை மேஜையிலிருந்து வெளியே கூப்பிட்டு, பீச்சாங்கை எது என்று கேட்டார். தூக்கிக் காட்டினாள். அந்தக் கை இருக்கிற பக்கம்தான் இடது என்றார். இப்போது திரும்பி நில் என்றார். திரும்பினாள். இடது எங்கே? அவள் கை தானாக வடக்கே போகப் பார்த்து, பாதியில் நின்றது. தன் பீச்சாங்கையைப் பார்த்தாள். இன்னும் கொஞ்சம் திரும்பினாள். மறுபடி கையைப் பார்த்தாள்.

"எம்மா" என்றாள் மெதுவாக. "இது என்கூடயே வருது."

அதன் பிறகு அவளைப் பிடிக்க முடியவில்லை. அறையின் நடுவில் சுற்றிச் சுற்றித் திரும்பி, நின்ற இடத்திலெல்லாம் இடது இருக்கிறதா என்று பார்த்தாள். இருந்தது. "கெழக்கும் கூட வருமா மிஸ்?" என்று கேட்டாள். வராது, அது அங்கேயேதான் இருக்கும் என்றார் ஆசிரியை. அது பாவம் என்பதுபோல ஜன்னலுக்கு எதிர்ப்புறச் சுவரைப் பார்த்தாள். ஆசிரியை விண்ணப்பத்தில் கையெழுத்துப் போட்டு என் பக்கம் தள்ளினார். சனிக்கிழமை வந்து சீருடைக்கு அளவு கொடுக்கச் சொன்னார்.

எனக்கு அப்போதும் விட மனமில்லை. அப்படியென்றால் வீட்டில் இனி எப்படிப் பேசட்டும் என்று கேட்டேன்.

"எப்பவும் பேசுற மாதிரி பேசுங்க. ஒண்ணு நின்ன இடத்துல நிக்கி, ஒண்ணு கூட வருது. ரெண்டையும் வச்சுக்கிடுவா" என்றார். "நாற்காலிய மட்டும் அப்பப்போ திருப்பிப் போடுங்க."

வெளியே மைதானத்துக்கு வந்ததும் மகள் எனக்கு முன்னால் வந்து, என்னைப் பார்த்து நின்றாள். என் இடதும் அவள் இடதும் ஒன்றா என்று கேட்டாள். நான் என் கையைத் தூக்கினேன், அவள் அவள் கையைத் தூக்கினாள். வேறு வேறு பக்கம். முகத்தில் லேசாகக் கலவரம். நான் போய் அவளுக்குப் பக்கத்தில், அவள் பார்த்த திசையிலேயே நின்றேன். இப்போது ஒன்று. உடனே அவள் எதிராகத் திரும்பிக்கொண்டு, "இப்ப இல்லயே" என்றாள். நான் திரும்பினேன். மறுபடி ஒன்று. அவள் திரும்பினாள். அந்த வெயிலில் நாங்கள் இருவரும் இப்படி மாறி மாறித் திரும்பிக்கொண்டிருந்ததைப் பார்த்தவர்கள் என்ன நினைத்திருப்பார்களோ.

கேட்டுக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்த காவலாளி எழுந்து, "வேன் வருதும்மா, கொஞ்சம் கெழக்க தள்ளி நின்னு வெளயாடுங்க" என்றார்.

நாங்கள் இருவரும் ஒன்றாக நகர்ந்தோம்.